சிரித்திரனின் ஓரங்களை வெட்டாதீர்கள்

ஆசிரியருக்கு,

இடப்பெயர்வுகளைத் தாண்டி வன்னியில் றங்குப் பெட்டிகளுக்குள் தப்பிக் கிடக்கும், கேலிச்சித்திரக்காரர் சுந்தர் நடத்திய நகைச்சுவைச் சஞ்சிகையான ‘சிரித்திரன்’ பழைய இதழ்களை, பாதுகாக்கிறோம் என்று நினைத்து பைண்டிங்குக்கும் லமினேற்றிங்குக்கும் கொடுத்துவிடாதீர்கள்.

பைண்டிங் செய்பவர் மூன்று பக்கமும் வெட்டித்தான் கட்டைச் சமப்படுத்துவார். கேலிச்சித்திரத்தின் உயிர் பல வேளை அடியிலுள்ள ஒற்றை வரியில் இருக்கும். அந்த வரி கத்தியோடு போனால் சவாரித் தம்பர், மைனர் மச்சான் போன்ற சித்திரப் பாத்திரங்கள் வெறும் கோடுகள்தான். லமினேற்றிங் அதைவிட மோசம். சூட்டில் ஒட்டிய பிளாஸ்ரிக்கைப் பிறகு உரிக்க முடியாது. மலிவான அச்சுத்தாளிலுள்ள அமிலமோ உள்ளே இருந்து தாளைத் தின்றுகொண்டே இருக்கும். கிழிசலுக்கு செலோரேப்பும் வேண்டாம். அதன் பசை சில வருடங்களில் மண்ணிறக் கறையாகி எழுத்துக்குள் ஊறிவிடும்.

முதலில் இதழின் நடுவில் தைத்திருக்கும் ஸ்ரேப்ளர் கம்பியைக் கழற்றுங்கள். மாரி ஈரத்தில் கறள் பிடித்த கம்பிதான் நடுத்தாளை அரிக்கிறது. இழுத்தால் தாள் கிழியும். நடுப்பக்கத்தை விரித்து, மெல்லிய பிளாஸ்ரிக் துண்டை அடியில் வைத்து, கம்பியின் இரு காலையும் நிமிர்த்திவிட்டு வெளிப்பக்கமாக எடுக்க வேண்டும். அதே துளைகளில் வெள்ளைப் பருத்தி நூலைக் கோத்து மெதுவாக முடிச்சுப் போட்டால் போதும். நனைந்த இதழை வெயிலில் போடாமல் நிழலில் காற்றாட விடுங்கள். பூச்சி இருந்தால், நன்றாக உலர்ந்த பிறகு பொலித்தீனில் காற்றுப் புகாமல் கட்டி, டீப் பிறீசரில் இரண்டு வாரம் வைக்கலாம். எடுத்ததும் பையைப் பிரிக்காதீர்கள். ஒரு நாள் வெளியில் கிடக்கட்டும். இல்லாவிட்டால் குளிர்ந்த தாளில் நீர் கோத்துவிடும்.

ஸ்கான் செய்யும்போது கறுப்பு வெள்ளை முறையைத் தெரிவு செய்யக்கூடாது. மஞ்சளேறிய தாள் முழுவதும் இருண்டு, சுந்தரின் மெல்லிய கோடுகள் அதற்குள் மறைந்துவிடும். நிறத்திலோ சாம்பல் நிறத்திலோ எடுங்கள். ஸ்கானின் நுணுக்க அளவு எழுத்துக்கு 300 டிபிஐ (ஓர் அங்குலத்துக்கான புள்ளிகள்) போதும், படத்துக்கு 600 வேண்டும். பின்பக்க எழுத்து ஊடே தெரிந்தால் தாளுக்குப் பின்னால் ஒரு கறுப்புத் தாளை வையுங்கள். இந்தச் சிறு வேலை பிறகு கணினியில் பல மணி நேரத்தை மிச்சப்படுத்தும்.

‘மகுடி பதில்கள்’ என்ற கேள்வி பதில் பக்கத்தை மட்டும் எடுத்துவிட்டு அட்டையையும் விளம்பரங்களையும் விடுவது பெரும் தவறு. இதழின் மாதத்தையும் விலையையும், அன்று கடைகளில் என்ன விற்றார்கள் என்பதையும் சொல்வது அவைதான். தொடங்குமுன், ஈழத்து நூல்களையும் இதழ்களையும் மின்வடிவில் சேர்த்துவைக்கும் நூலகம் நிறுவனத்தின் இணையத்தளத்தில் எந்த இதழ்கள் ஏற்கெனவே உள்ளன என்று பார்த்து, அங்கு இல்லாதவற்றை முதலில் எடுங்கள்.

பழைய இதழ்களைப் பேணும் வாசகர்கள்,
கிளிநொச்சி.