‘சர் ஆர்ஃபியோ’ ஆய்வுக்குத் துணைநின்றோர்க்கு நன்றி மடல்

அன்புடையீர்,

வணக்கம். இடைக்கால ஆங்கிலக் கதைப்பாடல்கள், குறிப்பாக மனைவியை யாழிசையால் மீட்கும் அரசனின் கதையான ‘சர் ஆர்ஃபியோ’, அவையில் எவ்வாறு நிகழ்த்தப்பட்டிருக்கக்கூடும் என்பது குறித்த என் ஆய்வேடு ஏற்கப்பட்டுவிட்டது. அதற்குத் துணைநின்றவர்களுக்குப் பொதுவில் நன்றி கூறுவது கடமை எனக் கருதி இம்மடலை எழுதுகிறேன்.

முதல் நன்றி எடின்பரோவிலுள்ள ஸ்காட்லாந்து தேசிய நூலகத்தின் கையெழுத்துப் பிரிவினருக்கு உரியது. 1330களையொட்டி லண்டனில் எழுதப்பெற்று, 1744இல் அலெக்சாண்டர் பாஸ்வெல்லின் கொடையாக எடின்பரோவுக்கு வந்த ஆக்கின்லெக் கையெழுத்துப் படியில்தான் ‘சர் ஆர்ஃபியோ’வின் மிகப் பழைய வடிவம் உள்ளது. அதன் தொடக்கத் தாள் இப்போது இல்லை. தையலோரத்தில் ஒரு குறுகிய துண்டே எஞ்சியிருக்கிறது. ஆயினும், அதே படியிலுள்ள வேறொரு கதைப்பாடலின் முகவுரையும் பிற்காலப் படிகளும் அந்த இழப்பை ஈடுசெய்ய உதவுகின்றன. எழுதிவைத்தவற்றை அடிக்கடி வாசிக்கிறோம் என்று தொடங்கும் அந்த முகவுரை அடுத்த வரிகளிலேயே யாழோடு பாடப்பட்ட பாடல்களைப் பற்றிப் பேசுகிறது. ஏடும் யாழும் இப்படி அருகருகே நிற்பதே என் ஆய்வின் அடிப்படை. அந்தப் பக்கங்களைப் பொறுமையுடன் விளக்கிய நூலகத்தாருக்குக் கடன்பட்டுள்ளேன்.

அமெரிக்க அறிஞர்கள் மில்மன் பாரியும் ஆல்பர்ட் லார்டும் 1930களில் யுகோஸ்லாவியப் பாடகர்களிடம் கண்டறிந்த வாய்பாட்டு முறையை, அதாவது திரும்பத் திரும்ப வரும் ஆயத்தத் தொடர்களைக் கொண்டு வாய்மொழியாகப் பாடல் புனையும் முறையை, சங்கப் பாடல்களுக்குப் பொருத்திப் பார்த்த இலங்கைத் தமிழறிஞர் கைலாசபதியின் வழியாகவே நான் இத்துறைக்கு வந்தேன். எழுத்தறிந்த புலவர்களும் அதே வாய்பாடுகளைத் தாராளமாகக் கையாண்டார்கள் என்பதையும், வாசிக்கத் தெரிந்தவர்களும் அவையில் பிறர் வாசிக்கக் கேட்பதையே விரும்பினார்கள் என்பதையும் மறக்கவிடாமல் நெறிப்படுத்திய என் நெறியாளருக்கு நன்றி. அவருடைய கெடுபிடி சில நேரங்களில் கசந்தது உண்மைதான்.

ஏறத்தாழ அறுநூறு வரிகளையும் மனனம் செய்து, நரம்பு யாழுடன் நிகழ்த்திக் காட்டிய இசைக்கலைஞருக்கு எவ்வளவு சொன்னாலும் தகும். பத்தாண்டுகள் காட்டில் அலைந்து, மனைவியை மீட்டு, இரவலன் கோலத்தில் தன் அரண்மனைக்குத் திரும்பும் ஆர்ஃபியோ யாழ் மீட்டுகிறான். யாழை அடையாளம் கண்டுகொண்ட அமைச்சன், “பாணனே, இது உனக்கு எங்கே கிடைத்தது?” என்று கேட்கிறான். தாளில் இது வெறும் உரையாடல். அரங்கிலோ, கேள்விக்குரிய யாழ் கலைஞரின் கையிலேயே இருந்தது. அவர் அதைச் சற்றே உயர்த்திப் பிடித்ததும் அவையினர் பார்வை முழுவதும் அதன்மீது சென்றது. சிங்கங்களால் கிழிக்கப்பட்ட ஒருவனருகே அதைக் கண்டெடுத்ததாக ஆர்ஃபியோ பொய் சொல்ல, அமைச்சன் மயங்கி விழுகிறான். பாணனும் அரசனும் ஒரே உடலில் நிற்கும் இந்த இடம் நிகழ்த்துபவரை மனத்தில் வைத்தே அமைக்கப்பட்டது என்று நான் வாதிடுவதற்கு அந்த மாலைப்பொழுதே காரணம். இது ஐயமற்ற சான்றாகாது. ஆனால் மௌன வாசிப்பு எனக்கு அதைக் காட்டியிருக்காது.

வரிகளின் அசை அழுத்தங்களைச் சரிபார்த்த மாணவர்களுக்கும், புரியாத இடைக்கால ஆங்கிலத்தை இறுதிவரை இருந்து கேட்டுக் கருத்துத் தாள்களை நிரப்பித் தந்த அவையினருக்கும் நன்றி. அத்தாள்களில் வந்த கேள்விகள் சில ஆய்வேட்டின் நான்காம் இயலில் இடம்பெற்றுள்ளன. நூலாக அச்சேறியதும் துணைநின்ற ஒவ்வொருவருக்கும் ஒரு படி அனுப்பிவைப்பேன்.

நன்றியுடன்,
ஆய்வாளர்