கோப்பைத் திறந்து காட்டியவர்களுக்கு நன்றி

சிங்கப்பூரில் மருத்துவக் கவனக்குறைவு பற்றிய எங்கள் ஆவணப்படத்துக்குக் கைகொடுத்த அனைவருக்கும் வணக்கம்.

முதல் நன்றி, ஓய்வுபெற்ற தாதியான அக்காவுக்கு. "டிஸ்சார்ஜ் சம்மரியோட திரும்பி வந்துடாதீங்க" என்பார். வீட்டுக்கு அனுப்பும்போது தரும் அந்தத் தாளில் முடிவு இருக்கும், நடந்த விதம் இருக்காது. தாதியர் குறிப்பு, மருந்து கொடுத்த நேரத்தாள், ரத்த அழுத்தப் பதிவு, மயக்க மருந்துப் பதிவு, சம்மதப் படிவம் என்று ஒவ்வொன்றையும் பெயர் சொல்லிக் கேட்கவேண்டும். ஸ்கேனுக்கு அறிக்கை போதாது, ஸ்கேன் படங்களே அடங்கிய டைகாம் (DICOM) கோப்பும் வேண்டும். எல்லாம் வந்தபின் மணி வாரியாக ஒரே அட்டவணையில் அடுக்கக் கற்றுத் தந்தவரும் அவர்தான். அழுத்தம் சரிந்தது ஒரு தாளில் இருக்கும், மருத்துவரை அழைத்தது வேறு தாளில் இருக்கும். பக்கத்தில் பக்கத்தில் வைத்தால்தான் நடுவில் போன நேரம் கண்ணில் படும். தாமதமாக எழுதிய குறிப்பெல்லாம் மோசடி இல்லை என்றும் எச்சரித்தார். பரபரப்பான வார்டில் கை ஓய்ந்தபிறகுதான் எழுதுவார்கள்.

அடுத்து, வரைவைச் சலித்தெடுத்த வழக்கறிஞர் அண்ணனுக்கு. சிகிச்சை தோற்றதாலேயே அது கவனக்குறைவு ஆகிவிடாது என்பதை வரிக்கு வரி நினைவூட்டினார். மருத்துவர் தரும் ஆலோசனையின் தரத்தை, 2022 ஜூலை 1 முதல் நடப்பிலுள்ள குடியியல் சட்டத்தின் 37ஆம் பிரிவு வரையறுக்கிறது. சிகிச்சையை அதை வைத்து அளக்க முடியாது. இரண்டையும் குழப்பிய வசனங்களை வெட்டியெறிந்தார். காயத்துக்கு இழப்பீடு கேட்கப் பொதுவாக 3 ஆண்டுதான் அவகாசம் என்பதைக் குடும்பங்களிடம் கேமராவை எடுக்குமுன்பே சொல்லிவிடச் சொன்னதும் அவரே. விசாரணையில் உள்ள வழக்கைத் தொட்டால் நீதிமன்ற அவமதிப்பைத் தடுக்கும் 2016ஆம் ஆண்டு நீதி நிர்வாகப் பாதுகாப்புச் சட்டம் குறுக்கே நிற்கும். மருத்துவமனைக்குக் கேள்விகளை எழுத்தில் அனுப்பி, பதிலுக்கு நாள் கொடுத்ததும் அவர் யோசனை.

ஒலிப்பதிவுத் தம்பிக்கும் கடன்பட்டிருக்கிறோம். வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) அடுக்குமாடி வீட்டில் காற்றாடியை நிறுத்தலாம், பக்கத்து வீட்டு ஏர்கான் கம்ப்ரசரை நிறுத்த முடியாது. மைக்கை நெஞ்சருகே ஒட்டி, ஜன்னலில் கனமான போர்வையைத் தொங்கவிட்டார். இங்கே மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால், படத்தில் விளக்கு சிமிட்டாமலிருக்க நொடிக்கு 25 ஃபிரேம், 1/50 நொடி ஷட்டர் வைத்தோம். முகம் காட்ட விரும்பாதவர்களின் குரலைச் சுருதி மாற்றி ஏமாற்றவேண்டாம், அதை அசல் குரலுக்கே திருப்பிவிடலாம் என்று அவர் அடித்துச் சொன்னதால்தான் மேடை நாடகக் கலைஞர்கள் வந்து மறுகுரல் கொடுத்தார்கள். அவர்களுக்கும் நன்றி.

படத்தொகுப்பில் நோயாளியின் கைப்பட்டையில் உள்ள பார்கோடு, அடையாள அட்டை எண், ஜன்னலுக்கு வெளியே தெரியும் புளோக் எண் எல்லாவற்றையும் சலிக்காமல் மறைத்த தங்கைக்குத் தனி வணக்கம். முகத்தை மட்டும் மங்கலாக்கிவிட்டு இவற்றை விட்டுவிடுவது வழக்கமான சறுக்கல்.

குடும்பங்களே, பேட்டிக்கு முன்பும் முதல் தொகுப்பைப் பார்த்த பின்பும் இரண்டு முறை உங்களிடம் சம்மதம் கேட்டோம். இரண்டாம் முறை வேண்டாம் என்றவர்களின் காட்சிகள் பிரதிகளோடு சேர்த்து அழிக்கப்படும். அவர்களுக்கும் அதே அளவு நன்றி. அசல் மருத்துவக் கோப்புகளை ஸ்கேன் செய்து முடித்துவிட்டோம். நேரில் கொண்டுவந்து தருகிறோம், தபாலில் அனுப்பமாட்டோம்.

இப்படிக்கு,
ஆவணப்படக் குழுவினர், சிங்கப்பூர்