அந்தச் சமையலறையில் நான் தமிழில் சொன்னது

பாப்பா,

உன் ஓமா, என் மாமியார், போய் இன்றோடு ஒரு வருடம். காலையில் உன் அப்பா மட்டும் கல்லறைக்குப் போய்விட்டு வந்தார். நான் போகவில்லை. அங்கே நின்றால் ஓமாவை விட்டுவிட்டு உன்னைத்தான் நினைத்துக்கொண்டிருப்பேன்.

நீ போனை எடுப்பதில்லை. ஆனால் நான் இங்கே எழுதுவதைப் படிக்கிறாய் என்று அப்பா சொன்னார். சரி, இங்கேயே எழுதுகிறேன். தமிழில் எழுத இன்னொரு காரணமும் இருக்கிறது. அன்று நான் சொன்னதும் தமிழில்தான். அந்த மேசையில் உன்னைத் தவிர யாருக்கும் தமிழ் புரியாது என்ற தைரியத்தில் சொன்னேன்.

அத்தை வீட்டில் இதை மொழிபெயர்ப்புச் செயலியில் போட்டு ஜெர்மனில் படிப்பார்கள். அதனால் ஊரின் பெயரை எழுதப்போவதில்லை. 1945-இல் ஓமாவின் அம்மாவுக்கு நடந்ததையும் எழுதமாட்டேன். ஒரே ஒரு தடவை, பாத்திரம் துடைத்துக்கொண்டே, என் முகத்தைப் பார்க்காமல் ஓமா சொன்ன விஷயம் அது. அதை ஊருக்குச் சொல்ல நான் யார்?

அந்தச் சிரிப்பை ஓமாவின் மனதில் வைத்தது நான்தான் என்று கடிதத்தில் எழுதியிருந்தாய். ஒரு வருடமாக அந்த வரியைச் சுமந்துகொண்டு திரிகிறேன்.

2016 ஆகஸ்ட். ஓமா பிறந்த வீடு, போருக்குப் பிறகு ஜெர்மன்காரர்களை வெளியேற்றியபோது அவர் குடும்பம் விட்டுவிட்டு வந்தது, இன்று போலந்தில் இருக்கிறது. அந்த வீட்டு வாசலில் நாம் இறங்கியபோது மத்தியானம் தாண்டியிருந்தது. காலையில் எங்கே போயிருந்தோம் என்பது உனக்கு நினைவிருக்கும். நான் அன்று ஏன் அப்படி நடந்துகொண்டேன் என்பதற்கு அந்தக் காலைதான் பாதிக் காரணம். க்ரோஸ்-ரோசன் என்ற நாஜி வதைமுகாமின் கருங்கல் குவாரி விளிம்பில் நீயும் நானும் நின்றோம். அந்த முகாமுக்கும் அதன் கிளைகளுக்கும் சுமார் 1,20,000 பேரைக் கொண்டுவந்தார்கள், ஏறக்குறைய 40,000 பேர் செத்துப்போனார்கள் என்று நீ படித்துச் சொன்னாய். ஓமா காரை விட்டு இறங்கவில்லை. கால் வலிக்கிறது என்றார். நாம் திரும்பி வந்தபோது மடியில் துணி விரித்து ரொட்டி சாப்பிட்டுக்கொண்டிருந்தார். அங்கிருந்து அவர் பிறந்த ஊருக்குச் சில கிலோமீட்டர்தான். அந்த முகாம் 1940-இல் வந்தது, ஓமாவுக்கு அப்போது நான்கு வயது. மூடும்போது ஒன்பது. இருபது வருடத்துக்கும் மேலாக அவர் வீட்டுக் கூடத்தில் பழைய ஜெர்மன் பெயர்கள் போட்ட வரைபடத்தைப் பார்த்திருக்கிறேன். ஆற்றைச் சொல்லியிருக்கிறார், செர்ரி மரத்தைச் சொல்லியிருக்கிறார், தேவாலய மணியைச் சொல்லியிருக்கிறார். குவாரியை ஒரு தடவைகூடச் சொன்னதில்லை.

சின்னப் பிள்ளைக்கு என்ன தெரியும் என்று நீ கேட்பாய். நானும் அப்படித்தான் எனக்கே சொல்லிக்கொண்டேன். ஆனால் அந்த ரொட்டியை என்னால் மறக்க முடியவில்லை, பாப்பா. இப்போதும் முடியவில்லை.

அந்த மனநிலையில்தான் அந்தச் சமையலறைக்குள் நுழைந்தேன்.

அங்கே குடியிருந்த போலிஷ் பாட்டி வாசல் கேட் அருகில் நம் ஜெர்மன் நம்பர் பிளேட்டைப் பார்த்ததும் உன்னிடம் முதலில் கேட்டது, காகிதம் ஏதாவது கொண்டுவந்திருக்கிறீர்களா என்று. எனக்குப் புரியவில்லை. நீ விளக்கினாய். பழைய ஜெர்மன் சொத்துகளைத் திரும்பக் கேட்டு ப்ராய்சிஷே ட்ராய்ஹாண்ட் என்ற நிறுவனம் 2006-இல் ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றத்துக்குப் போயிருந்தது. 2008-இல் நீதிமன்றம் அதை ஏற்க மறுத்துவிட்டது. ஆனாலும் பயம் போகவில்லை. எண்பதைத் தாண்டிய ஒரு கிழவி, தன் வாசலில், ஒரு காகிதத்துக்குப் பயந்தாள். ஒன்றும் இல்லை என்று நீ சொன்ன பிறகுதான் கொக்கியைத் தூக்கினாள்.

பச்சை ஓடு பதித்த அந்த அடுப்பைப் பார்த்ததும் ஓமா அதன் மேல் கை வைத்துக்கொண்டு நின்றார். அந்தப் பாட்டி கண்ணாடிக் குவளையில் தேநீர் ஊற்றினாள், செர்னிக் என்ற பாலாடைக்கட்டி கேக்கை வெட்டி வைத்தாள். யாரும் பேசவில்லை. அப்புறம் ஓமா உட்கார்ந்து, நேராக அவள் முகத்தைப் பார்த்துக் கேட்டார்: "எங்கள் வீட்டில் படுத்துத் தூங்குகிறீர்களே, ஒரு நாளாவது எங்களை நினைத்ததுண்டா?"

அதைப் போலிஷில் சொல்ல நீ வாயைத் திறந்தாய். அதற்குள் நான், "பாப்பா, அதைச் சொல்லாதே. வேற ஏதாவது கேளு" என்றேன்.

இந்த அடுப்பு இன்னும் எரிகிறதா என்று நீ கேட்டாய். அந்தப் பாட்டி முகமெல்லாம் மலர்ந்து சிரித்தாள். கிறிஸ்துமஸுக்கு இதில்தான் ரொட்டி சுடுகிறோம் என்றாள். ஓமாவுக்குப் போலிஷ் தெரியாது. தன் கேள்விக்கு அந்தச் சிரிப்புதான் பதில் என்று எடுத்துக்கொண்டார். கோட்டை எடுத்துக்கொண்டு போய்க் காரில் உட்கார்ந்துவிட்டார்.

அதற்குப் பிறகு எத்தனை தடவை சொன்னார்! "அவள் சிரித்தாள்." ஈஸ்டருக்கு, பிறந்தநாளுக்கு, ஆஸ்பத்திரியில். "நான் கேட்டேன், அவள் சிரித்தாள்." ஒவ்வொரு தடவையும் நானும் பக்கத்தில் இருந்தேன்.

அந்தப் பாட்டியைக் காப்பாற்றத்தான் அப்படிச் செய்தேன் என்று உன்னிடம் சொல்லியிருக்கிறேன். அது பொய்யில்லை. பயந்துபோன ஒருத்தியின் சமையலறையில், அவள் கொடுத்த தேநீரைக் குடித்துக்கொண்டே அப்படிக் கேட்பதா என்று எனக்கு நெஞ்சு பதறியது. ஆனால் அது மட்டும் இல்லை. ஓமாவுக்கு அந்தக் கேள்வியைக் கேட்கும் தகுதி இல்லை என்று அன்று நினைத்தேன். குவாரியைப் பார்க்க இறங்காதவர் அடுப்பைப் பற்றி மட்டும் பேசலாமா என்று நினைத்தேன். ஒரு கிழவியின் வாயை மூட எனக்கு யாரும் அதிகாரம் கொடுக்கவில்லை. அதற்கு உன்னிடமும் மன்னிப்புக் கேட்கிறேன், ஓமாவிடமும் கேட்கிறேன்.

ஆனால் நீயும் அங்கே இருந்தாய். உனக்கு அப்போது இருபது வயது. மூன்று மொழியும் தெரிந்தவள் நீ ஒருத்திதான். நான் சொல்லாதே என்றேன். அடுப்பைப் பற்றிக் கேட்டது யார்? அம்மா சொன்னால் கேட்கிற பிள்ளையாக நீ எப்போது இருந்தாய்? போலந்துக்காரர்கள் வீட்டைப் பிடுங்கிக்கொண்டார்கள் என்று ஓமா சொன்ன ஒரு ஞாயிற்றுக்கிழமை, சாப்பாட்டு மேசையிலேயே நீ ட்ஷிமாவாவின் கதையை எடுத்தாய். 1904-இல் பிரஷ்ய அரசு, சொந்த நிலத்தில் வீடு கட்ட அந்தப் போலிஷ் விவசாயிக்கு அனுமதி மறுத்ததும், அவர் ஒரு வண்டியை வாங்கி அதிலேயே குடியிருந்து, நிரந்தர வீடு என்று சொல்லிவிடக் கூடாதென்று அதை நகர்த்திக்கொண்டே இருந்ததும். ஓமா கரண்டியைக் கீழே வைத்துவிட்டார். அன்று உனக்கு என் அனுமதி தேவைப்படவில்லையே.

இதை எழுதியிருக்கக் கூடாது. அழிக்கவும் மனமில்லை.

இதைவிடப் பெரிய தப்பு ஒன்று இருக்கிறது. உன் கடிதத்தில் நீ அதைத் தொடவே இல்லை. ஓமா காருக்குப் போன பிறகு, வாசலில் அந்தப் பாட்டி உன் கையைப் பிடித்துக்கொண்டு பேசினாளே. இன்று உக்ரைனில் இருக்கும் லுவூ (லிவிவ்) நகரத்துக்குக் கிழக்கே அவள் பிறந்த கிராமம் சோவியத் யூனியனுக்குப் போய்விட்டது. சரக்கு ரயிலில் ஒரு மாட்டோடு இங்கே வந்தபோது அவளுக்குப் பன்னிரண்டு வயது. ஓமாவின் குடும்பம் மேற்கே ரயிலேறிப் போய்ச் சில வாரம்தான் ஆகியிருந்தது. ஜெர்மன்காரர்கள் திரும்பி வந்துவிடுவார்கள் என்று அவளுடைய அப்பா மூட்டையைப் பிரிக்கவே இல்லை, ஒழுகிய கூரையை மாற்றவில்லை, ஒரு மரம்கூட நடவில்லை. 1970 டிசம்பரில் மேற்கு ஜெர்மனியின் சான்சலர் வில்லி பிராண்ட் வார்சாவில் கையெழுத்துப் போட்டு, ஓடர்-நைஸ ஆறுகளைப் போலந்தின் மேற்கு எல்லையாக ஒப்புக்கொண்ட பிறகுதான் கூரைக்கு ஆள் கூப்பிட்டார். "இந்தச் சுவரைப் பார்க்கும்போதெல்லாம் அவர்களைத்தான் நினைத்தோம்" என்று அவள் சொன்னதாக நீ எனக்குச் சொன்னாய். தமிழில் சொன்னாய்.

ஓமா கேட்டதற்குப் பதில் அதுதானே? அது நம் இருவர் கையிலும் இருந்தது. கார் இருபதடி தூரத்தில் நின்றது. நாம் ஏறி உட்கார்ந்தோம், பெல்ட் போட்டோம், மழை வருமா என்று பேசினோம். எட்டு வருடம் அதைச் சொல்லவில்லை. சொன்னால் கேள்வியை மாற்றியதும் வெளியே வந்துவிடும் என்று நான் பயந்தேன். உனக்கு என்ன பயம் என்று எனக்குத் தெரியாது. கேட்டதும் இல்லை.

போலந்து ஆயர் கோமினெக் எழுதிய கடிதத்தைப் பற்றி நீ ஆராய்ச்சி செய்தபோது என்னோடு சண்டை போட்டாய், ஞாபகமிருக்கிறதா? 1965-இல் போலந்து ஆயர்கள் ஜெர்மன் ஆயர்களுக்கு, "மன்னிக்கிறோம், மன்னிப்பும் கேட்கிறோம்" என்று எழுதியது. போரில் சுமார் அறுபது லட்சம் பேரைப் பறிகொடுத்த நாடு எதற்கு மன்னிப்புக் கேட்க வேண்டும் என்று நான் கத்தினேன். போலந்து அரசும் அன்று இதையேதான் கேட்டது என்றாய். பதிலுக்கு ஜெர்மன் ஆயர்கள் எழுதியது எவ்வளவு பூசி மெழுகியது என்றும் சொன்னாய். நீ சமைத்த சாதம் குழைந்து போயிருந்தது. அன்று நீ எவ்வளவு அழகாக இருந்தாய்.

நேற்று இரவு அப்பாவிடம் எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். அவர் ஒன்றும் பேசவில்லை. வெகு நேரம் தோட்டத்தில் நின்றார். அதைப் பற்றி இங்கே இதற்கு மேல் எழுதவில்லை.

அந்த வீட்டுக்கு ஒரு கடிதம் எழுதியிருக்கிறேன். பாட்டி இருக்கிறாளோ இல்லையோ, வீட்டில் யாராவது இருப்பார்கள். ஓமா கேட்டதை ஓமாவின் வார்த்தைகளிலேயே, ஒன்றையும் மழுப்பாமல், ஜெர்மனில் எழுதியிருக்கிறேன். அதற்குக் கீழே, நாம் எதை மாற்றிக் கேட்டோம் என்பதும், அவள் சிரித்தது எதற்கு என்பதும், ஓமா அதை எப்படி எடுத்துக்கொண்டார் என்பதும் இருக்கிறது. போலிஷில் எழுத எனக்கு ஆள் கிடைக்கும், காசு கொடுத்தால் போதும். ஆனால் ஓமாவின் அந்தக் கேள்வியை போலிஷில் சொல்ல முதலில் வாயைத் திறந்தவள் நீ.

ஜெர்மன் பிரதியை உனக்குத் தபாலில் போட்டிருக்கிறேன். வியாழக்கிழமை வந்துவிடும். போனை எடுக்க வேண்டாம். போலிஷில் மாற்றி எழுதி, கையெழுத்துப் போடாமலே திருப்பி அனுப்பு. என் பெயருக்குக் கீழே கொஞ்சம் இடம் விட்டிருக்கிறேன்.

அம்மா