காரையின் கடலைக் காப்பாற்றுங்கள்

ஆசிரியருக்கு வணக்கம்.

பெரம்பலூர் மாவட்டம் காரை கிராமத்துச் செம்மண் ஓடைகளுக்கு 22 ஆண்டுகள் மாணவர்களை அழைத்துச் சென்றவன் நான். சுமார் 10 கோடி ஆண்டுகளுக்கு முன் அந்த இடம் கடலாக இருந்தது. சட்டைப்பையில் போட்டுக்கொள்ளும் அளவிலான அம்மோனைட் (அந்தக் கடலில் வாழ்ந்த, சுருள் ஓடுடைய உயிரியின் கல்லாகிப்போன எச்சம்) ஒன்றைக் கையில் வைத்துக் காட்டினால் பிள்ளைகள் "நத்தை" என்பார்கள். இல்லை, அது கணவாய்க்கும் ஆக்டோபசுக்கும் உறவு. உடைந்த ஓடு ஒன்றைத் திருப்பினால் உள்ளே வரிசையாக அறைகள் தெரியும். கடைசி அறையில் உயிரி குடியிருந்தது. மற்ற அறைகளில் வாயு நிறைந்து அதை மிதக்க வைத்தது. அறைகளுக்கு இடையிலான தடுப்புச் சுவர்கள் வெளி ஓடுடன் சேரும் கோடுகள் இலை நரம்பைப் போல நெளிந்திருக்கும். அந்தக் கோடுகளை வைத்தே இனம் பிரிக்கிறார்கள். 6 கோடியே 60 லட்சம் ஆண்டுகளுக்கு முன், டைனோசர்கள் அழிந்த காலத்தில், இந்த வம்சமும் அற்றுப்போனது. தூரத்து உறவான, சுருள் ஓடுடைய நாட்டிலஸ் என்ற கடல் உயிரி மட்டும் இன்றும் நீந்துகிறது.

சென்ற மாதம் போனபோது நெஞ்சு பதைத்தது. மழை அரித்து வெளிக்கொணர்ந்த இந்தப் புதைபடிவங்களைச் சிலர் சாக்கில் அள்ளிக்கொண்டிருந்தார்கள். எந்த மண் அடுக்கில் கிடந்தது என்ற குறிப்பு இல்லாவிட்டால் புதைபடிவம் வெறும் கல்தான். அங்கே வேலியும் இல்லை, அறிவிப்புப் பலகையும் இல்லை. உள்ளூர் இளைஞர் இருவரையாவது காவலுக்கு அமர்த்த மாவட்ட நிர்வாகம் முன்வர வேண்டும். அடுத்த மழைக்கு முன்பே.

ஓய்வுபெற்ற அறிவியல் ஆசிரியர்,
பெரம்பலூர்.