ராங்க் ஃபைல் வரட்டும், ஹார்டியை ஆக்ரிக்குப் போடாதீர்கள்

நம் ஊர் வாயனசாலைக் கமிட்டிக்கு, முக்கியமாகப் பிரசிடென்ட் மாஷுக்கும் செக்ரட்டரி சேட்டனுக்கும்,

வணக்கம். பாலக்காட்டுக் கொழிஞ்சாம்பாறைப் பக்கத்து ஆட்களுக்குத் தமிழ் பேசினாலும் லைப்ரரி என்றால் வாயனசாலைதான், அதனால் இதிலும் அப்படியே எழுதுகிறேன். பத்து வருஷமாக யாரும் எடுக்காத புத்தகங்களை வராந்தாவில் கட்டுக் கட்டாக வைத்திருக்கிறீர்கள். ஞாயிற்றுக்கிழமை பழைய பேப்பர் வாங்குகிற ஆக்ரிக்காரர் வருவாராம், காலியாகிற அலமாரியில் ராங்க் ஃபைல்கள், அதாவது அரசு வேலைக்கான பி.எஸ்.சி. பரீட்சைக் கைடுகள், வருமாம். நேற்றுப் பால் சொசைட்டியில் சாயங்காலக் கணக்கை முடித்துவிட்டு வந்து பார்த்தேன். சாரல் அடித்து மேல் கட்டு நனைந்திருந்தது, அதற்கு அடியில் இங்கிலாந்துக் கணித மேதை ஜி. எச். ஹார்டியின் இரண்டு புத்தகங்கள். ஒன்று 1908ல் முதலில் வந்த 'எ கோர்ஸ் ஆஃப் ப்யூர் மேத்தமேட்டிக்ஸ்', தடிமனானது. இன்னொன்று 'எ மேத்தமேட்டிஷியன்ஸ் அப்பாலஜி', ஒல்லியானது. ஒல்லிப் புத்தகத்தின் பின்னட்டையில் ஒட்டியிருக்கிற தேதித் தாளில் மொத்தம் ஏழு முத்திரை, அதில் நாலு என்னுடையது.

ராங்க் ஃபைல் வேண்டாம் என்று சொல்ல எனக்கு வாயில்லை. என் மகள் அதைப் படித்துத்தான் எல்.டி.சி., அதாவது அரசு ஆபீஸ் கிளார்க், ஆனாள். ஆனால் எந்தப் புத்தகத்தை எதற்காக வெளியே தள்ளுகிறோம் என்று ஒரு நிமிஷம் பாருங்கள். ஹார்டி படித்த காலத்தில் கேம்பிரிட்ஜில் ட்ரைபாஸ் என்று ஒரு கணக்குப் பரீட்சை. அதில் முதல் வகுப்பில் வருகிறவர்களை ஒன்று, இரண்டு, மூன்று என்று வரிசை போட்டு வெளியிடுவார்கள். அதற்கென்றே தனி ட்யூஷன் வாத்தியார்கள், எந்தக் கேள்வியை எத்தனை நிமிஷத்தில் போடுவது என்று பழக்குவார்கள். நம் ராங்க் லிஸ்ட்டேதான், ஊர் மட்டும் வேறே! ஹார்டி அந்த ட்யூஷன் பொறுக்காமல் கணக்கையே விட்டு வரலாற்றுக்குப் போய்விடலாமா என்று யோசித்தவர். 1898ல் நாலாவது இடம் வாங்கினார். பின்னால் அந்த வரிசை போடும் வழக்கத்துக்கு எதிராக நின்றவர்களில் அவரும் ஒருவர், 1909ம் வருஷப் பட்டியலோடு அது நின்றுபோனது. (இத்தனைக்கும் கணித அறிஞர்களுக்கு அவரே மார்க் போட்டார் என்று ஒரு கதை உண்டு: தனக்கு 25, தன் கூட்டாளி லிட்டில்வுட்டுக்கு 30, ஜெர்மன்காரர் ஹில்பர்ட்டுக்கு 80, நம் ராமானுஜனுக்கு 100.)

அவரை அந்தப் பரீட்சைக் கணக்கிலிருந்து மீட்டது ஒரு புத்தகம். லவ் என்கிற பேராசிரியர் பிரெஞ்சுக்காரர் ஜோர்தானின் புத்தகத்தைப் படிக்கச் சொன்னார், அதைப் படித்தபோதுதான் கணிதம் என்றால் என்னவென்றே முதல் தடவையாகத் தெரிந்தது என்று ஹார்டி அப்பாலஜியில் எழுதுகிறார்.

சரி, இங்கே என் வாதத்துக்கு நானே ஒரு ஓட்டையைக் காட்டிவிடுகிறேன், இல்லாவிட்டால் மாஷ் காட்டுவார். கும்பகோணத்தில் பள்ளிக்கூடப் பையனாக இருந்த ராமானுஜன் கையில் 1903 வாக்கில் கிடைத்தது கார் என்பவரின் புத்தகம், அதுவும் லைப்ரரியிலிருந்து வந்தது. அது என்ன பெரிய நூலா? இல்லை. கார் ஒரு ட்யூஷன் வாத்தியார், ட்ரைபாஸுக்குப் பையன்களைத் தயார் செய்த குறிப்புகளைத்தான் சூத்திரம் சூத்திரமாக அடுக்கி அச்சிட்டார். அதாவது அந்தக் கால ராங்க் ஃபைல்! அதிலிருந்துதான் சென்னைத் துறைமுகத்தில் வருஷம் 20 பவுண்ட் சம்பளத்துக்குக் கணக்கெழுதிய அந்த கிளார்க் வந்தார். 1913 ஜனவரியில் அவர் எழுதிய கடிதம் ஹார்டிக்குப் போனது. ஹார்டியும் லிட்டில்வுட்டும் ஒரு ராத்திரி உட்கார்ந்து பார்த்து, இது பித்தலாட்டம் இல்லை என்று முடிவுக்கு வந்தார்கள். அதனால் ராங்க் ஃபைலை நான் இளப்பமாகப் பேச மாட்டேன். எந்தப் புத்தகம் யாரை என்ன செய்யும் என்று தேதித் தாளைப் பார்த்துச் சொல்ல முடியாது என்றுதான் சொல்கிறேன்.

"யாருக்கு என்ன பிரயோஜனம்?" என்று செக்ரட்டரி சேட்டன் கேட்டார். ஹார்டியே உங்கள் கட்சிதான், பிரயோஜனமான எதையும் நான் செய்ததில்லை என்று 1940ல் எழுதி வைத்திருக்கிறார். ஆனால் 1908ல் ஒரு விஞ்ஞானப் பத்திரிகைக்கு அவர் எழுதிய சின்னக் கடிதம்தான் இன்று ப்ளஸ் டூ பயாலஜியில் ஹார்டி-வெயின்பர்க் விதி. நீங்கள் வாங்கப்போகிற நீட் கைடைப் பிரித்தால் அங்கே உட்கார்ந்திருப்பார்! எதற்கும் உதவாது என்று அவர் பெருமைப்பட்ட பகா எண்களை வைத்து 1977ல் ஒரு பூட்டு கண்டுபிடித்தார்கள், இணையத்தில் ரகசியம் காக்க அது இன்றும் வேலை செய்கிறது.

ஆனால் பிரயோஜனத்துக்காகவா நான் அதை நாலு தடவை எடுத்தேன்? இல்லை. பகா எண்களுக்கு முடிவே இல்லை என்று யூக்ளிட் காட்டியதை ஹார்டி அதில் ஒரு பக்கத்துக்குள் சொல்கிறார். இருக்கிற பகா எண்களை எல்லாம் பெருக்கு, ஒன்றைக் கூட்டு. பால் பில்லின் பின்பக்கத்தில் போட்டுப் பார்த்தேன். 2, 3, 5 பெருக்கி ஒன்று கூட்டினால் 31, அதுவே பகா எண். 13 வரைக்கும் பெருக்கி ஒன்று கூட்டினால் 30031. இதுவும் பகா எண்தான் என்று நினைத்து ஏமாந்தேன், அது 59 பெருக்கல் 509. சரி, ஆனால் அந்த இரண்டுமே என் பட்டியலில் இல்லாத புதுப் பகா எண்கள், யூக்ளிட் சொன்னது அவ்வளவுதான்! அன்றைக்குக் கொழுப்பு சதவீதத்தைத் தப்பாக எழுதி ஒரு அக்காவிடம் திட்டு வாங்கினேன், அது தனிக்கதை.

கேட்பது இவ்வளவுதான். மேலே இருக்கிற நனைந்த கட்டை வெயிலில் காய வையுங்கள், அதில் வேறு யாருக்கு வேண்டியது இருக்கிறதோ. அடியில் இருக்கிற இரண்டையும் ராங்க் ஃபைல் அலமாரியிலேயே ஓரமாகச் செருகிவிடுங்கள், படிக்க வருகிற பிள்ளைகள் கைக்கு எட்டட்டும். யாரும் எடுக்கவில்லை என்பதுதான் பிரச்சினை என்றால் என் பேரில் எழுதுங்கள், பதினைந்து நாளைக்கு ஒருமுறை சாயங்காலப் பால் முடிந்ததும் வந்து முத்திரை வாங்கிக்கொள்கிறேன். மெம்பர் நம்பர் 212.