சாப் கோ மே முடிந்ததும் ஆரஞ்சுச் செடிகளை எங்கே வைப்பது? சிங்கப்பூர் நகர மன்றம் ஒன்றுக்குத் திறந்த மடல்

மதிப்பிற்குரிய நகர மன்ற அதிகாரிகளுக்கு,

வணக்கம். எங்கள் புளோக்கின் மின்தூக்கி அருகே நீங்கள் ஒட்டியிருக்கும் எச்சரிக்கையைப் படித்தேன். பொது இடத்தில் பூச்சட்டிகளைப் போடுவோர்மீது நடவடிக்கை எடுக்கப்படும் என்கிறது. சரி, எடுங்கள். ஆனால் அந்தச் சட்டிகளை எங்கே கொண்டுபோய்க் கொடுப்பது என்று அதில் ஒரு வரிகூட இல்லை. அதனால்தான் எழுதுகிறேன்.

எந்தச் செடிகள் என்று உங்களுக்கே தெரியும். சீனப் புத்தாண்டுக்கு வாசலின் இருபுறமும் ஜோடியாக வைக்கும், ஆரஞ்சு வகையைச் சேர்ந்த சின்னப் பழச்செடிகளான கும்குவாட்டும் லிமாவ் கஸ்தூரியும்தான். சிவப்பு நாடா கட்டி, கிளைகளில் அங் பாவ் என்னும் சிவப்புப் பண உறைகளைத் தொங்கவிட்டு வைத்தால் தாழ்வாரமே மாறிவிடும். எனக்கு மிகவும் பிடித்த காட்சி அது. அண்டைவீட்டு ஆன்ட்டிக்கு இரண்டு ஆரஞ்சுகளை இரு கையாலும் கொடுத்து, அவர் திருப்பித் தரும் இரண்டை வாங்கி வருவதும் எங்கள் வீட்டுப் பழக்கமாகிவிட்டது. இந்த மடல் அந்தக் கொண்டாட்டத்துக்கு எதிரானது என்று தயவுசெய்து யாரும் எண்ண வேண்டாம்.

இந்தச் செடிகளை வளர்ப்பது லேசான வேலை அல்ல. சீனாவின் குவாங்டோங் மாநிலத்துத் தோட்டக்காரர்கள் கோடையில் சில நாள் தண்ணீரை நிறுத்திச் செடியை வாடவிடுவார்கள். பிறகு நீர்விட்டால் ஒருசேரப் பூக்கும். அந்தக் காய்கள்தான் சரியாகப் புத்தாண்டு நேரத்தில் பழுத்து நிற்கும். இத்தனை கணக்குப் பார்த்து வளர்த்த செடிக்கு நம் பேட்டையில் பதினைந்தே நாள் வாழ்வு. புத்தாண்டின் பதினைந்தாம் நாளான சாப் கோ மே முடிந்த மறுநாள் காலையிலேயே மாடிப்படி ஓரத்தில், குப்பை மையத்தின் பக்கத்தில், கீழ்த்தளத் தூண்களின் மறைவில் சட்டிகள் வந்துவிடுகின்றன.

அவற்றை அகற்றுபவரைப் பற்றித்தான் முக்கியமாகச் சொல்ல வேண்டும். எங்கள் புளோக்கைச் சுத்தம் செய்யும் தம்பி புதுக்கோட்டைப் பக்கத்துக்காரர். மழையில் ஊறிய மண்ணோடு ஒரு பீங்கான் சட்டியைத் தனி ஆளாகத் தூக்க முடியாது, சாய்த்து உருட்டிக்கொண்டுதான் போக வேண்டும். அப்படியே குப்பையில் போடவும் முடியாது. மண்ணைத் தனியாகக் கொட்டி, செடியைப் பிடுங்கி, கிளைகளைக் கூம்பாக நிறுத்தக் கட்டிய கம்பிகளை ஒவ்வொன்றாக வெட்ட வேண்டும். அழுகிய பழங்களில் எறும்பும் ஈயும் மொய்க்கும். இந்த ஆண்டு படியில் இறக்கும்போது ஒரு சட்டி சரிந்து அவர் பாதத்தில் விழுந்தது. கட்டுப் போட்ட காலோடு மறுநாளும் வேலைக்கு வந்தார். ஏன் தம்பி வந்தீர்கள் என்று கேட்டேன். "இன்னும் ஆறு சட்டி கெடக்குண்ணே" என்றார்.

அந்த ஆறு சட்டிகளும் அவருடைய அன்றாட வேலைக்கு மேலே வந்தவை. அதே வாரத்தில்தான் உங்கள் அறிவிப்பும் வந்தது. அவர் காலைப் பற்றி அதில் ஒன்றும் இல்லை.

எங்கள் கோரிக்கை ஒன்றுதான். சாப் கோ மேக்கு அடுத்த வாரத்தில் ஒரு நாளும் ஓர் இடமும் குறித்துக் கொடுங்கள். அன்று லாரி வரட்டும். செடிகளை நாங்களே கீழே கொண்டுவந்து வைக்கிறோம்.

கொசுவைப் பற்றி நான் உங்களுக்குப் பாடம் நடத்தத் தேவையில்லை. இருபது காசு நாணயம் அளவு தண்ணீர் இருந்தாலே டெங்கியைப் பரப்பும் ஏடிஸ் கொசு முட்டையிடும் என்று எங்களுக்குச் சொல்லிக் கொடுத்ததே அரசாங்கம்தான். கவனிப்பாரற்றுக் கிடக்கும் சட்டியில் மண் இறுகி மேலே நீர் தேங்கும், அடித்தட்டிலும் தேங்கும். ஏறக்குறைய ஒரு வாரத்தில் முட்டை கொசுவாகிவிடும். 2020இல் இந்தச் சிறிய தீவில் 35,000க்கும் மேற்பட்டோருக்கு டெங்கி வந்ததை யாரும் மறந்திருக்க முடியாது. வீட்டுக்குள் பூச்சாடி நீரை மாற்றினீர்களா என்று பார்க்க ஆள் அனுப்புகிறோம், கீழ்த்தளத்தில் கிடக்கும் சட்டிகளை ஏன் விட்டுவைக்கிறோம்?

எல்லாவற்றுக்கும் அபராதம்தான் வழி என்ற எண்ணம் எனக்கு வருத்தமளிக்கிறது. 2021 செப்டம்பரில் உணவங்காடி நிலையங்களில் தட்டைத் திருப்பி வைப்பது கட்டாயமானது. முதலில் எல்லோரும் முணுமுணுத்தோம், இன்று குழந்தைகள்கூடச் செய்கிறார்கள். தட்டை வைக்க அலமாரி இருந்தது, அதனால் பழகினோம். செடிக்கு அப்படி ஓர் இடம் எங்கே? இடமே காட்டாமல் மக்களைப் பொறுப்பில்லாதவர்கள் என்பது நியாயமா? பொங்கல் கரும்பும் வாழைக்கன்றும் இதே குப்பை மையத்தின் பக்கத்தில் காய்ந்து கிடப்பதை நான் பார்த்திருக்கிறேன். ஒரு சமூகத்தைக் குறைசொல்லித் தீர்க்கும் விஷயமே அல்ல இது.

கோபத்தில் கொஞ்சம் நீட்டிவிட்டேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

வியட்நாமின் ஹனோயில் தெட் புத்தாண்டுக்குக் கும்குவாட் மரத்தை வாடகைக்கே எடுக்கலாம். பண்டிகை முடிந்ததும் தோட்டக்காரர் மரத்தைத் திரும்பப் பெற்று, மறுபடி மண்ணில் நட்டு, அடுத்த ஆண்டுக்குத் தயார்செய்கிறார். நம்மிடம் அவ்வளவு நிலம் இல்லைதான். ஆனால் நம் பேட்டைகளில் சமூகத் தோட்டங்கள் இருக்கின்றன. லிமாவ் கஸ்தூரி நம் வெயிலுக்கும் மழைக்கும் நன்றாகவே வளரும். உயிரோடு இருப்பவற்றைத் தோட்டக்குழுவினர் எடுத்துக்கொள்ளட்டும், மற்றவை லாரியில் போகட்டும். சட்டிகளை வேண்டுவோர் எடுத்துக்கொள்வார்கள்.

ஆகவே மீண்டும் பணிவோடு கேட்கிறேன். ஒரு நாளும் ஓர் இடமும் வேண்டும். அந்த விவரத்தைப் புத்தாண்டுக்கு முன்பே, செடி விற்கும் கடைகளிலும் எங்கள் மின்தூக்கியிலும் நான்கு மொழிகளிலும் ஒட்டுங்கள். சட்டி தூக்கும் ஊழியர்களுக்குத் தள்ளுவண்டியும் கெட்டியான கையுறையும் காலணியும் கொடுங்கள், அன்று கூடுதலாக ஓர் ஆளையும் அனுப்புங்கள். சனிக்கிழமையாக இருந்தால் எங்கள் மாடியிலிருந்து சட்டி இறக்க நானும் வருகிறேன். அண்டைவீட்டு ஆன்ட்டியின் மகனும் வருவதாகச் சொல்லியிருக்கிறார்.

உங்கள் பதிலை எதிர்பார்க்கும்,
பேட்டைவாசி ஒருவர்