எஞ்சியது எது என்றாவது சொல்லுங்கள்: என்.பி.சி. நிர்வாகத்துக்கு ஒரு திறந்த மடல்

என்.பி.சி. தொலைக்காட்சி நிர்வாகத்தினருக்கு,

வணக்கம். அமெரிக்காவில் நீங்கள் ஒளிபரப்பும் இரவு நேர அரட்டை நிகழ்ச்சியான 'டுநைட் ஷோ'வின் பழைய ஒளிப்பதிவு நாடாக்கள் அழிக்கப்பட்ட கதையை உங்களுக்கே நான் விளக்க வேண்டியதில்லை. நாடா விலை அதிகம், அழித்துவிட்டு மறுபடி பதியலாம், இரவு நேர அரட்டையைத் திரும்ப யார் பார்க்கப்போகிறார்கள்? காரணங்கள் எல்லோருக்கும் மனப்பாடம். 1954இல் ஸ்டீவ் ஆலன் நேரடி ஒளிபரப்பாகத் தொடங்கிவைத்த நிகழ்ச்சி அது. 1962இல் ஜானி கார்சன் தொகுப்பாளராக வந்த பிறகான முதல் பத்தாண்டில் பெரும்பகுதி இன்று இல்லை. முதல் இரவில் நகைச்சுவை நடிகர் க்ரௌச்சோ மார்க்ஸ் அவரை அறிமுகம் செய்தார். அந்த ஒலிப்பதிவு கிடைக்கிறது, காட்சி கிடையாது.

அதைக்கூடப் பொறுத்துக்கொள்ளலாம். 1968 பிப்ரவரியை என்ன செய்வது? கார்சனுக்குப் பதிலாக ஹாரி பெலஃபான்டே ஒரு வாரம் நிகழ்ச்சியை நடத்தினார். நிறவெறி கொதித்துக்கொண்டிருந்த நாட்டில், ஒரு கறுப்பினப் பாடகர் தொகுப்பாளராக அமர்ந்து செனட்டர் ராபர்ட் கென்னடியையும் மார்ட்டின் லூதர் கிங்கையும் வரவேற்று உரையாடினார். பாடகி லீனா ஹார்ன் வந்தார், நடிகர் சிட்னி பாய்ட்டியர் வந்தார். ஏப்ரலில் கிங் சுட்டுக் கொல்லப்பட்டார், ஜூனில் கென்னடி. அவர்கள் இருவரின் பேட்டிகள் எப்படியோ தப்பின. அந்த வாரத்தின் மற்றவற்றில் பெரும்பகுதி போயே போய்விட்டது. அவற்றை அழித்துவிட்டு அப்படி எந்தக் காவியத்தைப் பதிந்தீர்கள் என்று தெரிந்தால் மனம் ஆறும்.

நான் கேட்பது ஒன்றுதான்: தேதிவாரியாக ஒரு பட்டியல். எது முழுதாக இருக்கிறது, எது துண்டாக, எது குரலாக மட்டும், எது அறவே இல்லை என்று நீங்களே வெளியிடுங்கள். வெளிநாட்டில் இருந்த அமெரிக்கப் படைவீரர்களுக்காக அனுப்பப்பட்ட பிரதிகளில் இன்னும் ஏதாவது அகப்படலாம். இல்லாதது எது என்று தெரிந்தால்தானே பரணில் தேட ஒருவருக்குத் தோன்றும்?

பிற்காலப் பதிவுகளைக் கார்சன் கான்சாஸ் மாநிலத்து உப்புச் சுரங்கம் ஒன்றில் பத்திரப்படுத்தினார். தொலைக்காட்சி நிலையத்தை நம்புவதைவிட உப்பை நம்பலாம் என்று நினைத்திருப்பார். நீங்கள் மட்டுமா? மனிதன் நிலவில் இறங்கிய இரவின் ஸ்டுடியோ ஒளிபரப்பையே காப்பாற்றாத பி.பி.சி.யை யாரிடம் போய்ச் சொல்வது? பழையது என்றாலே குப்பை என்று நினைக்கிற நிர்வாகிகள் எல்லா ஊரிலும் இருக்கிறார்கள்.

கோபத்தில் தடம் மாறிவிட்டேன், பொறுத்தருளுங்கள். அந்தப் பட்டியலை வெளியிடுமாறு பணிவுடன் கேட்டுக்கொள்கிறேன். பெலஃபான்டே வாரத்திலிருந்து தொடங்கினாலும் போதும்.

இப்படிக்கு,
சென்னையிலிருந்து ஒரு ரசிகன்